பழைய நெருப்பைப் புதிதாகக் காட்டியது குறித்துப் புகார்

பெறுநர்: ஆசிரியர், செய்திப் பிரிவு

ஐயா,

நான்கு வருடமாக உங்கள் செய்திச் சேனலுக்குச் சந்தா கட்டிப் பார்க்கிறேன். வசிப்பது லாஸ் ஏஞ்சல்ஸில். 2025 ஜூனில் இங்கே நடந்த போராட்டங்களை நீங்கள் காட்டிய விதம் பற்றியே இந்தப் புகார்.

ஜூன் 8, ஞாயிறு சாயங்காலம் ஊரிலிருந்து அம்மா போன் செய்தார். "ஊரே எரியுதாமேப்பா, கதவைப் பூட்டிக்கிட்டு உள்ளேயே இரு" என்றபோது குரல் நடுங்கியது. வீடியோவில் எங்கள் தெருவைக் காட்டினேன். பக்கத்து வீட்டுக்காரர் செடிக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார். அம்மா நம்பவில்லை. உங்கள் திரையில் "பற்றி எரிகிறது லாஸ் ஏஞ்சல்ஸ்" என்று ஓடிக்கொண்டிருந்ததாம்.

அன்று எரிந்தவை நகர மையமான டவுன்டவுனில் நின்ற, வேமோ என்ற நிறுவனத்தின் ஓட்டுநரில்லாத சில டாக்சிகள். எரித்தது தப்பு, கல்லெறிந்ததும் தப்பு. அதை மறைக்கச் சொல்லவில்லை. ஆனால் ஜூன் 10 அன்று மேயர் கேரன் பாஸ் போட்ட ஊரடங்கே சுமார் ஒரு சதுர மைலுக்குத்தான், அதுவும் இரவில் மட்டும். நகரத்தின் பரப்பு ஏறக்குறைய 500 சதுர மைல்.

சரி, மக்கள் ஏன் தெருவுக்கு வந்தார்கள்? ஜூன் 6 அன்று துணி மொத்த வியாபாரப் பகுதியில் ஐஸ் எனப்படும் குடிவரவு அமலாக்கத் துறையினர் புகுந்து, வேலையில் இருந்த குடியேறிகளைப் பிடித்துப் போனார்கள். மறுநாளே, கலிபோர்னியா மாநில ஆளுநர் நியூசம் கேட்காமலே அதிபர் டிரம்ப் தேசியக் காவல் படையை அனுப்ப உத்தரவிட்டார். 1965-க்குப் பிறகு ஆளுநர் கேட்காமல் இப்படி நடந்தது அதுவே முதல்முறை. நான் பார்த்த உங்கள் செய்திகள் ஒன்றிலும் இது வரவில்லை.

ஜூன் 14 அன்று சிட்டி ஹால் பக்கம் நடந்த போராட்டத்துக்கு நானும் போனேன். இருபது வயதிருக்கும் ஒரு பெண், அப்பாவின் போட்டோவை அட்டையில் ஒட்டித் தூக்கிப் பிடித்திருந்தாள். அவரைக் கார் கழுவும் இடத்தில் வைத்து ஐஸ் ஆட்கள் பிடித்தார்களாம். எங்கே வைத்திருக்கிறார்கள் என்று தெரியவில்லை என்றாள். கைபட்ட இடத்தில் அட்டை வியர்வையில் நைந்திருந்தது.

வீட்டுக்கு வந்து உங்கள் செய்தியைப் போட்டேன். அன்றைய கூட்டத்தைப் பற்றிப் பேசும்போது, திரையில் அதே எட்டாம் தேதி டாக்சிகள் எரிந்தன. தேதி இல்லை, பழைய காட்சி என்ற குறிப்பும் இல்லை. கீழே "கலவரக்காரர்கள்" என்ற எழுத்து. அந்தப் பெண்ணையும் சேர்த்துத்தானே அப்படிச் சொன்னீர்கள்? அதை என்னால் தாங்க முடியவில்லை.

அந்தத் தொகுப்பைத் திருத்துங்கள். தவறு நடந்ததைச் செய்தி நேரத்திலேயே சொல்லுங்கள். இனிப் பழைய காட்சிக்குத் தேதி போடுங்கள். எழுத்தில் பதில் வேண்டும். அம்மா இன்னும் தினமும் காலையில் உங்கள் செய்தியைத்தான் பார்க்கிறார்.

இப்படிக்கு,
உங்கள் சந்தாதாரர்