நாலாம் வகுப்புப் பரிந்துரைத் தாள் பற்றி, பெற்றோருக்கு

அன்பான பெற்றோர்களே,

வணக்கம். பொங்கல் விழாவுக்குப் பலகாரம் செய்து தந்த அம்மாமாருக்கும், எல்லாரும் போன பிறகு நின்று மண்டபத்தைக் கூட்டித் துடைத்த அப்பாமாருக்கும் முதலில் நன்றி. இந்தக் கடிதம் நாலாம் வகுப்பில் படிக்கும் பிள்ளைகளின் வீடுகளுக்குத்தான் முக்கியமாக எழுதப்படுகிறது. மற்றவர்களும் வாசித்து வையுங்கள். உங்கள் வீட்டுக்கும் ஒரு தை மாதம் இது வரும்.

இந்த மாதக் கடைசியில், பிள்ளை படிக்கும் ஜெர்மன் பள்ளியிலிருந்து அரையாண்டு அறிக்கையோடு ஒரு பரிந்துரைத் தாள் வரும். பிள்ளை ஐந்தாம் வகுப்புக்கு, பல்கலைக்கழகத்துக்கு வழிவிடும் கிம்னாசியம் போகலாமா, நடுத்தரப் பள்ளியான ரியால்சூலவா, சீக்கிரம் தொழில் பழகப் போகிறவர்களுக்கான ஹௌப்ட்சூலவா என்று வகுப்பாசிரியர் அதில் எழுதியிருப்பார். போன சனிக்கிழமை நம்முடைய தமிழ்ப் பாடசாலை வாசலில் மூன்று அம்மாமார் அதைப் பற்றித்தான் குரலைத் தாழ்த்திக் கதைத்துக்கொண்டு நின்றார்கள். ஒருவர் அழுதார். அவருடைய பிள்ளைக்கு வயது ஒன்பது.

என் வீட்டில் நடந்ததைச் சொல்கிறேன். 1996இல் என் மகளின் வகுப்பாசிரியர் எங்களைக் கூப்பிட்டார். மரியாதையாகத்தான் கதைத்தார். "வீட்டில் நீங்கள் ஜெர்மன் பேசுவதில்லை, கிம்னாசியத்தில் உங்களால் பிள்ளைக்கு உதவ முடியாது, ஹௌப்ட்சூல போதும்" என்றார். நான் அப்போது ஒரு உணவகத்தில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தேன். ஊரில் ஆசிரியர் சொன்னால் சொன்னதுதான் என்று வளர்ந்தவன். தலையாட்டிவிட்டுக் கையெழுத்துப் போட்டேன். கணக்கில் எப்போதும் 'ஒன்று', அதாவது இங்கே ஆக உயர்ந்த புள்ளி, எடுத்த பிள்ளை அவள். பத்தாம் வகுப்பு முடித்து, தொழிற்கல்லூரிக்குப் போய், அங்கே பல்கலைக்கழகத்துக்குத் தகுதி தரும் அபிதூர் பரீட்சை எழுதி, அப்புறம்தான் பல்கலைக்கழகத்துக்குப் போனாள். சுற்றுப்பாதையானாலும் போய்ச் சேர்ந்துவிட்டாள். ஆனால் ஒருநாள், "அப்பா, நீங்கள் ஏன் அன்றைக்கு ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை?" என்றாள். அதற்குப் பிறகுதான் இந்த நாட்டின் பள்ளிக்கூடங்களின் கதையைத் தேடி வாசிக்கத் தொடங்கினேன். அதில் எனக்குத் தெரிந்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

இந்த 'நாலு' எங்கிருந்து வந்தது? நாலாம் வகுப்பில் மூளை முற்றிவிடும் என்று எந்த மருத்துவரும் சொல்லவில்லை. அது 1920இல் அரசியல்வாதிகள் செய்துகொண்ட ஒரு சமரசம்.

அதற்கு முன் இங்கே இரண்டு உலகங்கள் இருந்தன. அன்றைய ஜெர்மன் அரசுகளில் ஒன்றான பிரஷியாவில் 1763இலேயே இரண்டாம் ஃப்ரெடெரிக் மன்னர் எல்லாப் பிள்ளைகளும் பள்ளிக்கூடம் போக வேண்டும் என்று சட்டம் போட்டார். ஆனால் ஏழைப் பிள்ளைக்குக் கிடைத்தது வேதமும் வாசிப்பும் கொஞ்சம் கணக்கும்தான். வசதியானவர்களின் மகன்மார் லத்தீனும் கிரேக்கமும் படித்து அபிதூர் எழுதினார்கள். 1809இல் பிரஷியக் கல்வியின் பொறுப்பில் இருந்த வில்ஹெல்ம் ஃபொன் ஹும்போல்ட், ஒரு தச்சன் கிரேக்கம் படித்திருந்தாலும் அது வீண் இல்லை என்று எழுதினார். அந்த வரியை வாசித்த அன்று எனக்கு இரவு தூக்கம் வரவில்லை. அப்படி ஒரு எண்ணம் இந்த மண்ணிலேயே பிறந்திருக்கிறது, ஆனாலும் அடுத்த நூறு வருடம் தச்சனின் மகன் தச்சனாகவேதான் இருந்தான்.

வசதியான வீட்டுப் பிள்ளைகள் ஊர்ப் பிள்ளைகளோடு ஒரே வாங்கில் ஆறு வயதில்கூட உட்காரவில்லை. கட்டணம் கட்டிப் படிக்கும் தனி ஆரம்ப வகுப்புகள் கிம்னாசியங்களோடு ஒட்டியே இருந்தன. அதில் மூன்று வருடம் படித்துவிட்டு நேரே மேலே போய்விடுவார்கள். முதல் உலகப்போரில் பேரரசு விழுந்து குடியரசு வந்தபோது, பிள்ளையை எந்தப் பள்ளியில் சேர்ப்பது என்பதைத் தீர்மானிக்க வேண்டியது அதன் திறமையும் விருப்பமும்தான், பெற்றோரின் பணமோ சமூக நிலையோ மதமோ இல்லை என்று 1919இன் வைமார் அரசியலமைப்பில், 146ஆவது பிரிவில், எழுதிவைத்தார்கள். அதன்படி 1920 ஏப்ரலில் வந்த சட்டம்தான் எல்லாருக்கும் பொதுவான ஆரம்பப் பள்ளியை, குருண்ட்சூலவை, உண்டாக்கியது. சமூக ஜனநாயகவாதிகள் பிள்ளைகளை இன்னும் நீண்ட காலம் சேர்த்துப் படிக்கவைக்க விரும்பினார்கள். எதிர்த்தவர்களுக்கு நாலு வருடமே அதிகம். இழுபறியில் நாலில் நின்றது. நூறு வருடம் கடந்தும் பெரும்பாலான மாநிலங்களில் அதே நாலுதான். பெர்லினிலும் பிராண்டன்பூர்க்கிலும் மட்டும் ஆறு.

பெண்பிள்ளைகளின் கதை தனி. ஹெலெனெ லாங்க என்ற ஆசிரியை பெர்லினில் பெண்களுக்கென்று வகுப்புகள் நடத்தி, 1896இல் ஆறு பெண்கள் அபிதூர் எழுதித் தேறினார்கள். வெறும் ஆறு பேர்! பிரஷியாவின் பல்கலைக்கழகங்கள் பெண்களை முழு மாணவிகளாகச் சேர்த்தது 1908இல்தான்.

திறந்த கதவு மூடவும் படும். நாசிகள் ஆட்சிக்கு வந்த மூன்றே மாதத்தில், 1933 ஏப்ரலில், பள்ளிகளில் நெரிசல் என்று காரணம் சொல்லி ஒரு சட்டம் கொண்டுவந்தார்கள். புதிதாகச் சேரும் மாணவர்களில் யூதர்கள் நூற்றுக்கு ஒன்றரைப் பேருக்கு மேல் இருக்கக் கூடாது என்றது அது. 1938 நவம்பரில், யூதர்களின் வழிபாட்டிடங்களை எரித்த சில நாட்களிலேயே, மிச்சமிருந்த யூதப் பிள்ளைகளையும் பொதுப் பள்ளிகளிலிருந்து வெளியேற்றினார்கள். இனத்தின் பெயரால் கல்வியில் கணக்குப் பார்ப்பது என்னவென்று நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. இலங்கையில் பல்கலைக்கழகம் போகத் தமிழ் மாணவர்களிடம் கூடிய புள்ளி கேட்ட தரப்படுத்தல் காலத்தில் படித்தவர்கள் நம்மிடையே இன்றும் இருக்கிறார்கள்.

போர் முடிந்ததும் நேச நாடுகள் 1947இல், பிள்ளைகளை இளவயதில் பிரிக்கும் முறையைக் கைவிடச் சொன்னார்கள். மேற்கு ஜெர்மனியில் அது பெரிதாக நடக்கவில்லை. தெற்கில் உள்ள பவேரியா மாநிலம் பிடிவாதமாக மறுத்தது. கிழக்கு ஜெர்மனியில் எல்லாருக்கும் ஒரே பள்ளி வந்தது. தொழிலாளர், விவசாயிகளின் பிள்ளைகளைப் பல்கலைக்கழகத்துக்குத் தயார்படுத்தத் தனிப் பீடங்களே அமைத்தார்கள். ஆனால் அங்கே போதகரின் பிள்ளை என்பதற்காகவே மேற்படிப்பு மறுக்கப்பட்டவர்களும் உண்டு.

மேற்கு ஜெர்மனியில் 1960 வாக்கில் நூறு பிள்ளைகளில் ஆறேழு பேர்தான் அபிதூர் வரை வந்தார்கள். 1964இல் கெயோர்க் பிஷ்ட் என்ற கல்வியாளர் இது ஒரு பேரழிவு என்று எழுதினார். சமூகவியலாளர் ரால்ஃப் டாரன்டோர்ஃப் கல்வி குடிமக்களின் உரிமை என்று வாதிட்டார். மிகவும் பின்தள்ளப்பட்டவள் யார் என்று பார்த்தபோது ஒரு உருவம் தெரிந்தது: கத்தோலிக்கக் குடும்பத்தில், தொழிலாளிக்கு மகளாக, கிராமத்தில் பிறந்த பெண்பிள்ளை. நாலு பாரமும் ஒரே தலையில்.

அப்போது நடந்த ஒன்றுதான் என்னை இந்தக் கடிதம் எழுதவைத்தது. ஃப்ரைபூர்க் பல்கலைக்கழக மாணவர்கள் 1965இல் சுற்றுவட்டாரக் கிராமங்களுக்குப் போய், உங்கள் பிள்ளையை மேல்பள்ளிக்கு அனுப்புங்கள் என்று பெற்றோரிடம் கேட்டார்கள். அந்தக் காலத்து விவசாயக் குடும்பங்களுக்கு இருந்த பயங்கள் எவையென்று வாசித்தபோது, நம் வாசலில் கேட்பவைதான் நினைவுக்கு வந்தன. நம்மால் உதவ முடியாதே. படித்துவிட்டு நம்மைவிட்டுத் தூரப் போய்விடுவாளோ. நம்மைப் போன்றவர்களுக்கு அந்த இடம் சரிவருமா. அவர்கள் இந்த நாட்டிலேயே பிறந்தவர்கள், மொழி தெரிந்தவர்கள். அவர்களுக்கே இந்தத் தயக்கம் இருந்ததென்றால் நமக்கு இருப்பதில் வெட்கப்பட என்ன இருக்கிறது?

அதே ஆண்டில்தான் சுரங்கங்கள் நிறைந்த ரூர் பகுதியில் போஹும் பல்கலைக்கழகம் திறந்தது. 1971இல் வசதியில்லாத மாணவர்களுக்கு பாஃபொக் உதவிப்பணம் சட்டமானது. நம் பிள்ளைகள் பலர் இன்று அதில் படிக்கிறார்கள். ஆனால் துருக்கியிலிருந்தும் இத்தாலியிலிருந்தும் வேலைக்கு வந்தவர்களின் பிள்ளைகளைப் பல இடங்களில் தனி வகுப்புகளில் வைத்தார்கள். என்றோ ஒருநாள் திரும்பிப் போய்விடுவார்கள் என்பதுதான் எண்ணம். நாங்கள் எண்பதுகளில் வந்தபோது எங்களைப் பற்றியும் அப்படித்தான் நினைத்தார்கள். உண்மையைச் சொன்னால், நாங்களும் அப்படித்தான் நினைத்தோம். 2001 டிசம்பரில், பல நாடுகளின் மாணவர்களை ஒப்பிடும் பீசா ஆய்வின் முடிவு வந்து நாட்டையே உலுக்கியது. பெற்றோரின் நிலையே பிள்ளையின் வாசிப்புத் திறனைத் தீர்மானிப்பதில் ஆய்வு செய்யப்பட்ட நாடுகளில் ஜெர்மனி மிக மோசமான இடத்தில் இருந்தது. அப்படியிருந்தும் 2010இல் ஹம்பூர்க்கில் ஆறு வருடக் குருண்ட்சூல வேண்டுமா என்று மக்களிடம் வாக்கெடுத்தபோது வேண்டாம் என்ற பக்கமே வென்றது.

சரி, இப்போது நம் வீட்டு வேலை.

நம்முடைய நோர்ட்ரைன் வெஸ்ட்ஃபாலன் மாநிலத்தில் அந்தத் தாள் வெறும் பரிந்துரைதான். முடிவு பெற்றோருடையது. முனிக்கில் இருக்கும் சொந்தக்காரர் சொல்வதைக் கேட்டுக் குழம்ப வேண்டாம். அவர் இருக்கும் பவேரியாவில் ஜெர்மன், கணிதம், சுற்றாடல் பாடம் மூன்றின் சராசரி 2.33க்குள் இருந்தால்தான் கிம்னாசியம் நேரடியாகக் கிடைக்கும். இங்கே அந்தக் கணக்கு இல்லை. கெசாம்ட்சூல என்ற வழியும் இருக்கிறது. அங்கே எல்லாரும் சேர்ந்து படிப்பார்கள், முடிவைத் தள்ளிப்போடலாம், பல இடங்களில் அங்கேயே அபிதூரும் எழுதலாம். என்னைக் கேட்டால், இரண்டு மனமாக இருக்கும் வீடுகளுக்கு அதுதான் நல்லது.

தாளில் கிம்னாசியம் இல்லையென்றால் முதலில் ஆசிரியரைச் சந்தித்து ஏன் என்று கேளுங்கள். "பிள்ளைக்கு எது கஷ்டம்? எந்தப் பாடத்தில்? கொப்பியைக் காட்டுங்கள்" என்று கேட்பது சண்டை பிடிப்பதாகாது. பதில் பிள்ளையின் வாசிப்பைப் பற்றி, கவனத்தைப் பற்றி இருந்தால் காது கொடுத்துக் கேளுங்கள். பதில் உங்கள் வீட்டு மொழியைப் பற்றி, உங்கள் வேலையைப் பற்றி மட்டும் இருந்தால் அந்த இடத்தில் கையெழுத்துப் போடாமல் எழுந்து வாருங்கள். அதேபோல், கிம்னாசியம் என்ற பெயருக்காகப் பிள்ளையை இரவு பத்து மணி வரை டியூசனில் உட்காரவைக்கும் வீடுகளும் நம்மிடையே இருக்கின்றன. தயவுசெய்து அதை நிறுத்துங்கள். மற்ற வீட்டுப் பிள்ளையோடு ஒப்பிட்டு ஒரு சொல்லும் சொல்லாதீர்கள். ரியால்சூல முடித்து நல்ல தொழிற்பயிற்சி எடுத்த நம் பழைய மாணவர்கள் எத்தனையோ பேர் இன்று சந்தோஷமாக வேலை செய்கிறார்கள்.

பிப்ரவரி முதல் சனிக்கிழமை, வகுப்பு முடிந்து ஒரு மணிக்கு, மேல்மாடி அறையில் இதற்காகக் கூடுகிறோம். பரிந்துரைத் தாளையும் அரையாண்டு அறிக்கையையும் கொண்டுவாருங்கள். நம்மிடம் தமிழ் படித்து இப்போது பல்கலைக்கழகத்தில் இருக்கும் நாலு பேர் வருகிறார்கள். ஆசிரியரைச் சந்திக்கப் போகும்போது மொழிக்கு உதவி வேண்டுமென்றால் அவர்கள் கூட வருவார்கள். என் மகளும் வருவாள். வேலை நேரம் ஒத்துவராதவர்கள் எனக்கு ஒரு செய்தி போடுங்கள், இரவு எட்டு மணிக்குப் பிறகு நானே கூப்பிடுகிறேன். தேநீரும் வடையும் இருக்கும். பிள்ளைகளைக் கீழே சிறுவர் அறையில் விட்டுவிட்டு வாருங்கள், இந்தப் பேச்சு அவர்கள் காதில் விழ வேண்டாம்.

அன்புடன்,
தலைமையாசிரியர்