அந்த மூன்றாவது அடி எங்கே?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பில் சங்கக் கையறுநிலைப் பாடல்கள், அதாவது இறந்தவரை நினைத்து இரங்கும் பாடல்கள் பற்றி வந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். நல்ல கட்டுரைதான். ஆனால் புறநானூற்று 244ஆம் பாட்டை இரண்டே அடியாக அச்சிட்டு, முற்றுப்புள்ளியும் வைத்து, "இரண்டே அடியில் ஒரு சாவைச் சொல்லிவிட்ட சுருக்கம்" என்று கட்டுரையாளர் வியந்திருக்கிறார். அந்தப் பாட்டு இரண்டு அடியில் முடியவில்லை ஐயா. கிடைத்திருப்பது இது:

பாணர் சென்னியும் வண்டுசென்று ஊதா
விறலியர் முன்கையும் தொடியிற் பொலியா
இரவல் மாக்களும் . . . . . . . .

அதற்கு மேல் ஏட்டில் இல்லை. சுருக்கியது புலவரல்ல, ஓலையைத் தின்ற செல்லுப் பூச்சி.

இதில் எனக்கு ஏன் இவ்வளவு அக்கறை என்றால், நான் முப்பது வருடம் திருநெல்வேலியில் ஓர் அச்சகத்தில் புரூப் பார்த்தவன். வேலைக்குச் சேர்ந்த புதிதில் புறநானூறு ஒரு மறுபதிப்புக்கு வந்தது. திருத்துவதற்காக எடுக்கும் முதல் அச்சு நகலான கேலி புரூப்பில் வரிக்கு வரி புள்ளியைப் பார்த்ததும் எனக்குக் கோபம். அச்சுக் கோக்கும் கம்பாசிட்டர் சோம்பேறித்தனத்தில் விட்டுவிட்டார் என்று நினைத்து, சிவப்பு மையில் "விடுபட்டது, மூலம் பார்க்க" என்று பக்கத்துக்குப் பக்கம் எழுதிக் கொடுத்தேன். அந்தக் கம்பாசிட்டர் பெரியவர் அதை எடுத்துக்கொண்டு என் மேசைக்கே வந்தார். "தம்பி, மூலமே அம்புட்டுதான்" என்றார். அப்புறம் சிரித்துக்கொண்டே, "எழுத்துக் கேஸ்ல புள்ளி காலியாச்சுன்னா புறநானூறு வந்திருக்குன்னு அர்த்தம்" என்றார். அவர் அந்தப் புள்ளிகளை ஒவ்வொன்றாக எடுத்து ஸ்டிக்கில் அடுக்குவதைப் பார்த்திருக்கிறேன். எழுத்துக்குக் காட்டும் அதே கவனம். 267, 268 இரண்டும் முழுதாகவே இல்லை, எண் மட்டும் நிற்கும். பழைய உரையும் 266ஆம் பாட்டோடு நின்றுவிடும். அதற்கு மேல் போகப் போகப் புள்ளியும் கூடும்.

சரி, இரண்டு சொல் போனால் என்ன குடி முழுகிவிடும் என்று கேட்கலாம். பாட்டைப் பாருங்கள். பாணன் தலையில் வண்டு மொய்க்கவில்லை. பூ என்ற சொல்லே கிடையாது, வண்டு வராததை வைத்தே பூ இல்லை என்று தெரிந்துகொள்கிறோம். ஆடும் பெண்ணான விறலியின் முன்கையில் வளை இல்லை. கொடுத்தவன் போய்விட்டான் என்பதும் சொல்லப்படவில்லை. ஊதா, பொலியா என்று இரண்டு அடியும் ஒரே மாதிரி இறங்குகின்றன. மூன்றாவது அடியும் அப்படித்தான் இறங்கப் போகிறது என்று காது தயாராகிவிடுகிறது. பரிசில் கேட்டு வருகிறவர்களைச் சொல்லும் "இரவல் மாக்களும்" என்ற அந்த "உம்"மோடு ஏடு ஒடிந்துபோகிறது. அவர்கள் வந்தார்களா, வாசலில் நின்றார்களா, வெறுங்கையோடு திரும்பினார்களா, தெரியாது. பாடியவர் பெயரும் இல்லை, பாடப்பட்டவர் பெயரும் இல்லை. இதை இரண்டு அடியில் மழித்து, முடிந்த பாட்டு போல நிறுத்தினால், இரவலர்களைப் புலவர் மறந்துவிட்டார் என்றாகிறது. அவர் மறக்கவில்லை, அவர்களைப் பற்றிச் சொல்லத் தொடங்கியிருந்தார்.

1894இல் புறநானூற்றைப் பதிப்பித்த உ.வே. சாமிநாதையர் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் படித்தவர். இந்தப் பாட்டின் யாப்பான ஆசிரியப்பாவில் ஓர் அடி கட்ட அவருக்கு வெற்றிலை மெல்லும் நேரம் போதும். கட்டி ஒட்டியிருந்தால் யார் கண்டுபிடித்திருப்பார்கள்? அவர் அப்படிச் செய்யவில்லை. சி.வை. தாமோதரம்பிள்ளையும் 1887இல் கலித்தொகைப் பதிப்புரையில், ஏட்டை எடுத்தால் ஓரம் உதிர்வதையும் பூச்சி எழுத்துகளை உழுது போட்டிருப்பதையும் ஒளிக்காமல் எழுதி வைத்தார். போனதைப் போனது என்று சொல்ல அவர்களுக்குக் கூச்சமில்லை.

நம் இலக்கியத்தில் பாதி துண்டுதானே! பதிற்றுப்பத்தில் முதல் பத்தும் கடைசிப் பத்தும் இல்லை. முத்தொள்ளாயிரம் மொத்தம் 900 பாட்டா, மூவேந்தருக்கும் தனித்தனியாக 2,700ஆ என்று சண்டை போடுகிறோம், கையில் இருப்பதோ நூற்றுச் சொச்சம். அதுவும் பழம்பாட்டுகளின் தொகுப்பான புறத்திரட்டைத் தொகுத்த யாரோ ஒரு புண்ணியவான் எடுத்து வைத்ததால். குண்டலகேசி கதை இன்னும் வேடிக்கை. பௌத்தக் காப்பியமான அதை மறுக்க எழுந்த சமண நூல் நீலகேசி. அதன் உரையில் மறுப்பதற்காக எடுத்துக் காட்டிய இடங்களிலும் குண்டலகேசி மிஞ்சியிருக்கிறது. எதிராளி வீட்டில் பிழைத்த பிள்ளை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். போன மாதம் என் பேரன் இந்த 244ஆம் பாட்டைக் கைபேசியில் இட்டு, விட்ட இடத்தை நிரப்பச் சொன்னான். கண் மூடித் திறப்பதற்குள் ஆறு அடி வந்துவிட்டது. யாப்புகூடப் பெரிதாகத் தட்டவில்லை. "தாத்தா, முடிஞ்சிருச்சு" என்றான். நாளைக்கு அது வாட்ஸ்அப்பில் "சங்கப் பாடல்" என்று சுற்றும், அதை யாராவது ஒரு மேடையில் சொல்வார்கள். அச்சில் புள்ளி இருந்தால்தான் அது ஒட்டு என்று காட்டுவதற்கு ஓர் ஆதாரம் இருக்கும்.

அடுத்த ஞாயிறு ஒரு திருத்தம் வெளியிட வேண்டுகிறேன். இடம் போதாது என்றால் இந்தக் கடிதத்தில் எங்கு வேண்டுமானாலும் வெட்டிக்கொள்ளுங்கள், பேரன் கதை, குண்டலகேசி எது போனாலும் சரி. மேலே எழுதியிருக்கும் மூன்றாவது அடியில் மட்டும் கை வைக்காதீர்கள். அதில் எட்டுப் புள்ளி இருக்கிறது. புரூப்பில் எண்ணிப் பார்க்கச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பிழைதிருத்துநர்,
பாளையங்கோட்டை