நீ கிண்டியதால் இல்லை

கர்த்தருக்குள் அன்பான மகனுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம். பாளையங்கோட்டையில் மழை விட்டுவிட்டுப் பெய்கிறது.

ஞாயிற்றுக்கிழமை வீடியோவில் நீ காட்டிய ஆரஞ்சுத் தோல் மிட்டாய், சீனி போர்த்தி அழகாகத்தான் இருந்தது. ஆனால் ஒரு துண்டைத் தட்டில் போட்டாயே, 'டிங்'கென்று சத்தம் வந்தது. தோல் கல்லாக இறுகிவிட்டது என்று அப்போதே எனக்கு விளங்கிவிட்டது. போனில் சொல்லலாம் என்றால் நீ எந்நேரமும் ட்ரெயினைப் பிடிக்க ஓடிக்கொண்டிருக்கிறாய்.

முதலில் பழம். ஜெர்மனியில் சில ஆரஞ்சு வலையில் 'தோல் சாப்பிட உகந்ததல்ல' என்று போட்டிருக்கும் என்று நீயே சொன்னாய். மெழுகும் பூஞ்சை மருந்தும் பூசின பழம் அது. மருந்தடிக்காததாகப் பார்த்து வாங்கு. காசு கூடத்தான், ஆனால் நாம் தின்னப்போவதே தோலைத்தானே. கமலா மாதிரி லேசாக உரிகிற பழம் வேண்டாம். பம்பளிமாஸ் கண்ணில் பட்டால் விடாதே. விரல் தடிமனுக்கு வெள்ளை இருக்கும், அந்தப் பஞ்சுதான் சீனியைக் குடிக்கும். யூடியூபில் அதைச் சுரண்டி எறியச் சொல்கிறார்கள். எறிந்துவிட்டால் மிட்டாய் சுற்றின காகிதம்தான் மிஞ்சும்!

பச்சைத் தண்ணீரில் போட்டு, கொதித்து 10 நிமிஷம் ஆனதும் தண்ணீரைக் கொட்டி, இப்படி மூன்று தடவை செய்தாய், கசப்பு போய்விட்டது. அதுவரை சரி. கடைசித் தண்ணீரில் மட்டும் அவசரப்பட்டு இறக்கிவிட்டாய். நகம் சிரமமில்லாமல் இறங்கும்வரை வேகட்டும். சீனி விழுந்த பிறகு தோல் வேகாது.

அடுத்தது பாகு. கம்பிப் பதம் வரக் காய்ச்சிவிட்டுத் தோலைப் போட்டாயா? போட்டிருப்பாய். கெட்டிப் பாகு உள்ளே இறங்குவதற்கு முன்னாலேயே தோலில் இருக்கிற தண்ணீரை வெளியே இழுத்துவிடும், தோல் சுருங்கி இறுகிவிடும். எதிர்வீட்டு அத்தை நார்த்தங்காயை உப்பில் போடுவதும் இதே கணக்குத்தான். உப்பு சீக்கிரம் இறங்கிவிடும், சீனி மெதுவாகத்தான் போகும். கால் கிலோ தோலுக்கு 300 கிராம் சீனி, 300 மில்லி தண்ணீர், அரை மூடி எலுமிச்சைச் சாறு. சிறு தீயில் முக்கால் மணி நேரம் வைத்துவிட்டு அடுப்பை அணைத்து, ராத்திரி முழுக்க அதிலேயே ஊறட்டும். மறுநாளும் அப்படியே. மூன்றாம் நாள் தோல் கண்ணாடி மாதிரி ஆகும். அப்போது வரட்டும் கம்பிப் பதம். எடுத்துக் கம்பித் தட்டில் ஒரு நாள் ஆறவிட்டுச் சீனியில் புரட்டு. மிஞ்சின பாகைக் கொட்டாதே, பால் விடாத டீயில் ஊற்றிக் குடி.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். நீ நாலாம் வகுப்புப் படிக்கையில், கிறிஸ்துமஸுக்கு முந்தின வாரம், ஆச்சி கொடுத்தனுப்பின பம்பளிமாஸ் தோல் அத்தனையும் கல்லாகிப் போனது ஞாபகம் இருக்கிறதா? நீ கரண்டியை விட்டுக் கிண்டினதால்தான் என்று உன் முதுகில் இரண்டு வைத்தேன். பாகைக் கிண்டினால் அது திரும்பச் சீனியாகக் கட்டும், வாஸ்தவம்தான். ஆனால் தோல் இறுகாது. கேக்கைப் பேக்கரி அடுப்புக்குக் கொடுக்க நேரமாகிவிட்டதென்று கெட்டிப் பாகில் தோலைப் போட்டது நான். அன்று ராத்திரி "அவனை ஏன் அடிச்ச?" என்று உங்க அப்பா கேட்டார். நான் பதில் சொல்லவில்லை. அந்த வருஷக் கேக்கில் கடை டூட்டி ஃப்ரூட்டிதான், அதாவது சாயம் ஏற்றின பப்பாளிக்காய். நீ ஒரு துண்டுகூடத் தொடவில்லை. பிடிக்கவில்லை போல என்று எல்லாரிடமும் சொன்னேன்.

இப்போது செய்ததை எறிந்துவிடாதே. இரண்டு நாள் ரம்மில் ஊறவைத்துப் பொடியாக நறுக்கிக் கேக்கில் போட்டுவிடலாம். அன்று நான் கோபத்தில் குப்பையில் கொட்டினேன்.

அடுத்த தடவை செய்துவிட்டுத் தட்டில் போட்டுக் காட்டு. சத்தம் வரக்கூடாது.

அம்மா