வால் பகுதியில் இருந்தவர்

ஆசிரியர் அவர்களுக்கு,

இரண்டாம் உலகப் போரில் பிரிட்டனின் லங்காஸ்டர் குண்டுவீச்சு விமானத்தின் வால் பகுதியில் துப்பாக்கி இயக்கியவர், முதுமையில் மேடையேறிப் பேசியது பற்றிய கட்டுரை நன்று. ஆனால் அவர் உட்கார்ந்திருந்த இடத்தை ஒரே வரியில் தாண்டிவிட்டீர்கள். விமானப் பராமரிப்பில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். என் கண் அங்கேதான் போகிறது.

ஏழு பேரில் மற்ற ஆறு பேரும் முன்னால். இவர் மட்டும் கடைசியில், நான்கு பிரவுனிங் இயந்திரத் துப்பாக்கிகளோடு தனியாக. இருட்டில் எதிரி விமானம் தெளிவாகத் தெரியட்டும் என்று முன்னாலிருந்த பெர்ஸ்பெக்ஸ் என்ற கண்ணாடி போன்ற பிளாஸ்டிக் பலகையைப் பலர் கழற்றியே விட்டார்கள். மைனஸ் 40 டிகிரி வரை போகும் குளிர் நேரே முகத்தில்! மின்சாரத்தில் சூடேறும் உடை பழுதானால் அவ்வளவுதான். பாராசூட் வைக்கக்கூட அந்தத் துப்பாக்கிக் கூண்டுக்குள் இடமில்லை. கதவுக்குப் பின்னால் மாட்டியிருக்கும். தீப்பிடித்தால் கதவைத் திறந்து அதை எடுத்து மாட்டிக்கொண்ட பிறகுதான் குதிக்க முடியும்.

பிரிட்டன் விமானப்படையின் குண்டுவீச்சுப் பிரிவான பாம்பர் கமாண்டின் சுமார் 1,25,000 விமானக் குழுவினரில் 55,573 பேர் இறந்தார்கள். லண்டன் கிரீன் பார்க்கில் நினைவுச்சின்னம் எழுந்ததோ 2012இல்தான்.

சரி, கீழே இருந்தவர்கள்? 1945 பிப்ரவரியில் ஜெர்மனியின் டிரெஸ்டன் நகரில் நடந்த குண்டுவீச்சில் மட்டும் சுமார் 25,000 பேர் மாண்டார்கள். அதைப் பற்றி அவர் என்ன சொன்னார்? கட்டுரையாளர் எழுதியிருக்கலாம்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற விமானப் பராமரிப்பாளர்