முதுகில் எடுக்கும் நீர்: பினாங்குத் தமிழ்ப்பள்ளிப் பெற்றோர் ஆசிரியர் சங்கங்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய சங்கத் தலைவர்களே, செயலவை உறுப்பினர்களே, வணக்கம்.

பினாங்கின் 28 தமிழ்ப்பள்ளிகளிலும் உங்கள் சங்கங்கள் ஆண்டுப் பொதுக்கூட்டம் நடத்துகின்றன. அதில் அரை மணி நேரம் ஒதுக்கித் தரும்படி கேட்கத்தான் இதை எழுதுகிறேன். மூளைக்காய்ச்சல் சந்தேகம் வந்தால் டாக்டர் ஏன் பிள்ளையின் முதுகில் ஊசி போட்டு நீர் எடுக்க வேண்டும் என்கிறார் என்பதைப் பெற்றோருக்குத் தமிழில் யாராவது பொறுமையாகச் சொல்ல வேண்டும். பிள்ளைகள் நன்றாக ஓடியாடும்போதே சொல்லிவிட வேண்டும்.

நான் குழந்தைகள் வார்டில் தாதியாக வேலை செய்து ஓய்வு பெற்றவள். அந்த ஊசிக்கான சம்மதப் பாரத்தில் கையெழுத்துப் போட மறுத்த நம் குடும்பங்கள் பலவற்றைப் பார்த்திருக்கிறேன். அப்பா கையில் மலாய் பாரம் இருக்கும். அம்மா குழந்தையை மடியை விட்டு இறக்க மாட்டார். போனில் பெரியம்மா, "முதுகுல குத்த விடாதீங்க, கால் விளங்காமப் போயிடும்" என்பார். பாசத்தில்தான் சொல்கிறார். டாக்டருக்கு இன்னும் நாலு பிள்ளைகள் காத்திருக்கும்; மலாயும் ஆங்கிலமும் கலந்து இரண்டு நிமிடத்தில் சொல்லிவிட்டுப் போய்விடுவார். பாரம் வெறுமையாகவே திரும்பி வரும். ராத்திரி பன்னிரண்டு மணிக்கு, பயந்து போயிருக்கும் ஒரு தாய்க்கு இதையெல்லாம் முதலிலிருந்து விளக்குவது லேசான காரியமில்லை.

கால் விளங்காமல் போகும் என்ற பயத்துக்கு முதலில் பதில் சொல்கிறேன். தண்டுவடம் முதுகெலும்பின் அடிவரை போவதில்லை. பெரியவர்களுக்கு இடுப்புப் பகுதி எலும்புகளின் தொடக்கத்திலேயே முடிந்துவிடும். கைக்குழந்தைக்குச் சற்றுக் கீழே வரை இருக்கும், அதனால் ஊசியை இன்னும் கீழே போடுவார்கள். ஊசி போகும் இடத்தில் மூளையையும் தண்டுவடத்தையும் சூழ்ந்திருக்கும் நீரும், அதில் மிதக்கும் நரம்பு இழைகளும்தான் இருக்கின்றன. பெரியவர் உடம்பில் இந்த நீர் சுமார் 150 மில்லிலிட்டர் இருக்கும். ஒரு நாளில் சுமார் 500 மில்லிலிட்டர் புதிதாக ஊறும். பிள்ளையிடம் எடுப்பது ஒரு டீஸ்பூன் அளவுகூட வராது. ஊசி போட்ட இடத்தில் வலி இருக்கலாம். சிலருக்கு ஓரிரு நாள் தலைவலி வரும். ஜெர்மனியில் குவின்க்கே என்ற மருத்துவர் 1891இல் செய்து காட்டிய முறை இது. அன்றிலிருந்து உலகம் முழுக்கச் செய்து வருகிறார்கள்.

சரி, அந்த நீரில் என்ன தெரியும்? நல்ல நீர் பச்சைத் தண்ணீர் போலத் தெளிவாக இருக்கும். பாக்டீரியா புகுந்திருந்தால் கலங்கி வரலாம். சின்னக் குழாயில் ஒவ்வொரு சொட்டாக விழும்போதே டாக்டரின் முகம் மாறுவதைப் பார்த்திருக்கிறேன். கண்ணுக்குத் தெளிவாகத் தெரிந்தாலும் ஆய்வுக்கூடம் விடாது. கைக்குழந்தைப் பருவம் தாண்டியவர்களுக்கு ஒரு மைக்ரோலிட்டரில் வெள்ளணுக்கள் ஐந்துக்கு மேல் இருக்கக் கூடாது. பாக்டீரியாத் தொற்றில் ஆயிரத்தைத் தாண்டிப் போவது உண்டு. சர்க்கரை அளவு வழக்கமாக இரத்தச் சர்க்கரையில் மூன்றில் இரண்டு பங்கு இருக்கும். பாக்டீரியாவிலும் காசநோயிலும் அது இறங்கிவிடும், புரதம் ஏறும். வைரஸ் என்றால் சர்க்கரை பெரும்பாலும் குறையாது. அப்புறம் சாயம் ஏற்றிக் கிருமியைத் தேடுவார்கள், வளர்த்துப் பார்ப்பார்கள், கிருமியின் மரபணுவைத் தேடும் பிசிஆர் சோதனையும் செய்வார்கள். எந்த மருந்து, எத்தனை நாள் என்பது இதை வைத்துத்தான் முடிவாகிறது. சில கிருமிகளுக்கு ஒரு வாரம் மருந்து போதும். காசநோய் என்றால் பல மாதங்கள். நீர் சுத்தமாக வந்தால் மருந்தை நிறுத்தி வீட்டுக்கு அனுப்பும் வாய்ப்பும் உண்டு. பரிசோதனைக்கு மறுத்துவிட்டால் என்ன கிருமி என்றே தெரியாமல், சும்மா இருக்கட்டும் என்று முழு மருந்தையும் ஏற்ற வேண்டியிருக்கும். ஊசி வேண்டாம் என்று சொன்ன குடும்பத்தின் பிள்ளைக்குத்தான் கடைசியில் கையில் அதிகமான ஊசித் தழும்புகள் இருக்கும். எனக்கு மனசு தாங்காத விஷயம் இது.

நம் நாட்டிலேயே ஒரு பெரிய பாடம் இருக்கிறது. 1998-99இல் பேராக்கிலும் நெகிரி செம்பிலானிலும் பன்றிப் பண்ணையாளர்கள் காய்ச்சலில் விழுந்தபோது, கொசு பரப்பும் ஜப்பானிய மூளைக்காய்ச்சல் என்றே முதலில் நினைத்தார்கள். கொசு மருந்து அடித்தார்கள், தடுப்பூசி போட்டார்கள், சாவு நிற்கவில்லை. கோலாலம்பூரில் மலாயாப் பல்கலைக்கழக ஆய்வுக்கூடத்தில் ஒரு நோயாளியின் முதுகு நீரிலிருந்து புதிய வைரஸ் பிரிக்கப்பட்டது. அதுதான் நிப்பா. கொசுவை விட்டுப் பன்றிகள் பக்கம் கவனம் திரும்பியது. அந்தப் பரவல் அடங்குவதற்குள் நூறு பேருக்கு மேல் இறந்திருந்தார்கள்.

டாக்டரே இப்போது வேண்டாம் என்று தள்ளிப்போடும் நேரமும் உண்டு. மூளையில் அழுத்தம் ஏறியிருப்பதற்கான அறிகுறி தெரிந்தால் முதலில் ஸ்கேன் எடுப்பார்கள். டிங்கியில் இரத்தம் உறைய உதவும் பிளேட்லெட் அணுக்கள் மிகவும் குறைந்திருந்தால் ஊசி போட மாட்டார்கள். அப்போதும் மருந்தைத் தொடங்கிவிடுவார்கள். அது நிற்கக் கூடாது. ஆனால் மருந்து ஏறிய சில மணி நேரத்திலேயே சில கிருமிகள் நீரில் வளராமல் போய்விடும். சொந்தம் பூராவையும் கேட்டுவிட்டுக் கையெழுத்துப் போடுகிறோம் என்று அவகாசம் கேட்கும் குடும்பங்கள் இதைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

மூளைக்காய்ச்சலில் வழக்கமாகக் கழுத்து இறுகும், ஆனால் கைக்குழந்தைக்கு இறுகாமலும் இருக்கலாம் என்பதையும் கூட்டத்தில் சொல்லுங்கள். பால் குடிக்காமல் துவண்டு கிடப்பது, கீச்சென்று அழுவது, உச்சிக்குழி புடைப்பது எல்லாம் உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போக வேண்டிய அறிகுறிகள். தடுப்பூசி அட்டையையும் சரிபார்க்கச் சொல்லுங்கள். பிசிஜி, ஹிப், நியூமோகாக்கல் மூன்றும் மூளைக்காய்ச்சலின் சில வகைகளைத் தடுப்பவை.

பேச ஆள் கிடைப்பது கஷ்டமில்லை. தீவிலும் செபராங் பிறையிலும் தமிழ் பேசும் டாக்டர்களும் தாதிகளும் இருக்கிறார்கள். உங்கள் பள்ளியில் படித்தவரே ஒருவர் இருப்பார், கூப்பிட்டால் வருவார். தாத்தா பாட்டிகளையும் அழையுங்கள், பல வீடுகளில் முடிவெடுப்பது அவர்கள்தான். கூட்டத்தில் நேரம் இல்லையென்றால், பெற்றோர் ரிப்போர்ட் கார்டு வாங்க வரும் நாளில் மண்டபத்தில் நாற்காலி போட்டாலும் போதும். பட்டர்வொர்த் பக்கத்துப் பள்ளி எதுவானாலும் நானே வந்து பேசத் தயார்.

அன்புடன்,
ஓய்வுபெற்ற குழந்தைகள் வார்டு தாதி,
பட்டர்வொர்த்