வாடிக்கையாளர் கேட்கிறார் என்று சொன்னால்

அன்புள்ள கயல்,

நீ அனுப்பிய வரைவை அச்செடுத்துப் படித்துவிட்டேன். உன் அப்பாவிடம், “அமெரிக்காவில் ஒரு கம்பெனிக்கு ஊழியர் கொள்கை எழுதிக்கொடுக்கிறாள்” என்று சொல்லி வைத்திருக்கிறேன். அது பொய்யில்லை. என்ன கம்பெனி என்று அவர் இதுவரை கேட்கவில்லை. கேட்டால் சொல்லிவிடுவேன், நீ அதற்காகத் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ளாதே.

அந்த வேலையை உதறிவிடு என்று சொல்வதற்காக இதை எழுதவில்லை. ஆபாசப் படம் எடுத்து விற்கும் அந்தத் தொழில் எனக்குப் பிடிக்காது. உனக்கும் அது தெரியும் என்பதால்தானே விஷயத்தைச் சொல்ல இத்தனை நாள் தயங்கினாய்? ஆனால் எனக்குப் பிடிக்காத தொழிலில் இருக்கிறாள் என்பதற்காக ஒருத்திக்குப் பாதிக் கூலி கொடுக்கலாம் என்று ஆகிவிடாது. இருபது வயதிலிருந்து தொழிற்சங்கத்தில் இருந்தவள் நான். என்னிடம் வேறு எதை எதிர்பார்த்தாய்?

உன் வரைவில் எனக்குக் குறை இருக்கிறது. மரியாதையான சொற்களைப் பயன்படுத்துவது, ஆண்டுக்கொரு பயிற்சி நாள், விளம்பரப் படங்களில் எல்லா நிறத்தவரும் இருப்பது என்று பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறாய். கூலிக்கு ஒரே ஒரு பத்தி. அதிலும் ‘நியாயமான’ என்ற சொல்லோடு நின்றுவிட்டாய். வங்கிக்கோ மென்பொருள் கம்பெனிக்கோ எழுதிய கொள்கையை எடுத்துப் பெயரை மட்டும் மாற்றியதுபோல் இருக்கிறது. அந்த இடங்களில் உள்ளே ஆளே இல்லை என்பதுதான் புகார். அதனால் எத்தனை கறுப்பர், எத்தனை பெண்கள் என்று எண்ணுகிறார்கள். நீ எழுதும் தொழிலிலோ அப்படி ஒரு பஞ்சமே இல்லை. கறுப்பர், ஆசியர், லத்தீன் அமெரிக்கர், திருநங்கையர் எல்லோரும் முதலிலிருந்தே இருக்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் ஒரு அலமாரி, அதன்மேல் இன்ன இனம் என்று ஒரு சீட்டு. வேறு எந்தத் தொழிலிலும் முதலாளி வாய்க்குள் முனகுவதை இங்கே பொருளின் பெயராகவே எழுதி விற்கிறார்கள். ஆகவே தலைகளை எண்ணிப் பார்த்தால் உன் வாடிக்கையாளர் முதல் மதிப்பெண் வாங்கிவிடுவார். நீ எண்ண வேண்டியது பணத்தை.

லாஸ் ஏஞ்சலஸின் சான் ஃபெர்னாண்டோ பள்ளத்தாக்கில் இந்தப் படத்தொழில் இப்படி வெளிப்படையாக வேரூன்றியதற்கு 1988இல் கலிஃபோர்னியா உச்ச நீதிமன்றம் ஃப்ரீமேன் என்ற தயாரிப்பாளரின் வழக்கில் சொன்ன தீர்ப்பு ஒரு காரணம் என்று நீதான் சொன்னாய். நடிகர்களுக்குக் கூலி கொடுத்துப் படம் எடுப்பது விபசாரத்துக்கு ஆள் பிடிக்கும் குற்றம் ஆகாது என்றது நீதிமன்றம். நல்லது. அது கூலிக்குச் செய்யும் வேலை என்று ஆகிவிட்டால் கூலிக் கணக்கைக் கேட்பதில் வெட்கம் எதற்கு?

அந்தக் கணக்கில் நான் படித்துத் திகைத்தது ஒன்று உண்டு. வெள்ளைக்கார நடிகை கறுப்பின ஆணோடு நடித்தால் அவளுக்குத் தனி ரேட், வழக்கத்தைவிடக் கூடுதலாக. அப்படி நடித்தால் உன் மார்க்கெட் போய்விடும், கொஞ்ச காலம் தள்ளிப்போடு, பிறகு பெரிய தொகைக்கு முதல்முறை என்று விற்கலாம் என்று ஏஜெண்டுகளே சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள். கூடுதல் பணம் அவளுக்கு. எவனுடைய நிறத்தைக் காட்டி அந்தப் பணம் கேட்கப்படுகிறதோ அவனுக்கு இல்லை. தீட்டுக் கழிக்கப் பணம் வாங்குவதற்கும் இதற்கும் எனக்கு வித்தியாசம் தெரியவில்லை. லெக்சிங்டன் ஸ்டீல் என்ற கறுப்பின நடிகர், அந்தத் தொழிலின் பெரிய விருதான ஆண்டின் சிறந்த நடிகர் பட்டத்தை மூன்று முறை வென்றவர். இந்த ஒதுக்கலைப் பற்றி அவரே பலமுறை வெளிப்படையாகப் பேசியிருக்கிறார். விருது மேடையில் கை தட்டுவார்கள், மறுநாள் ஒப்பந்தத்தில் அவரோடு நடிக்க மாட்டேன் என்று ஒரு வரி இருக்கும். கறுப்பினப் பெண்களின் நிலையை சான்டா பார்பரா பல்கலைக்கழகத்தின் மிரெய் மில்லர்-யங் ஆண்டுக்கணக்கில் ஆராய்ந்திருக்கிறார். வெள்ளைக்கார நடிகைகள் வாங்குவதில் பாதியிலிருந்து முக்கால் பங்குவரைதான் அவர்களுக்குக் கிடைக்கிறது என்கிறார் அவர்.

உன் வரைவைத் திருத்த உட்காரும் முன் சான் ஃபிரான்சிஸ்கோவின் ‘லஸ்டி லேடி’ கதையை முழுதாகப் படித்துவிடு. கண்ணாடிக்குப் பின்னால் பெண்கள் ஆடுவார்கள், வெளியே சிறு அறைகளில் காசு போட்டால் ஜன்னல் திறக்கும், அப்படி ஒரு இடம். சில ஜன்னல்களில் ஒருபக்கக் கண்ணாடி. உள்ளே இருப்பவளுக்கு எதிரில் யார் என்றே தெரியாது. அதன் வழியாகத் திருட்டுத்தனமாகப் படம் பிடித்தார்கள். கண்ணாடியை மாற்றச் சொன்னால் நிர்வாகம் இழுத்தடித்தது. 1996இல் அந்தப் பெண்கள் சங்கம் வைத்தார்கள், மறு ஆண்டு ஒப்பந்தமும் போட்டார்கள்.

கண்ணாடியைப் பற்றி எல்லோரும் எழுதுகிறார்கள். எனக்கு முக்கியமாகப் பட்டது அங்கே நடந்த இன்னொன்று. அந்தக் கூடத்தில் தனி அறை ஒன்று இருந்தது. அங்கே போகிறவளுக்கு வருமானம் அதிகம். சியோபன் ப்ரூக்ஸ் என்ற கறுப்பினப் பெண் அங்கே ஆடிக்கொண்டிருந்தார். அந்த அறைக்குக் கறுப்பினப் பெண்களைப் போடுவதே இல்லை என்பதை அவர் கவனித்தார். நிர்வாகத்திடம் கேட்டதற்குக் கிடைத்த பதில், வெள்ளைக்காரப் பெண்கள் இருந்தால்தான் அங்கே வசூல் ஆகும் என்பது. ப்ரூக்ஸ் இனப் பாகுபாட்டுப் புகார் கொடுத்தார். பின்னாளில் இதையே ஆய்வு செய்து பேராசிரியரானார். 2003இல் முதலாளி கடையை மூடப்போவதாகச் சொன்னபோது தொழிலாளர்களே அதை வாங்கிக் கூட்டுறவாக நடத்தினார்கள். 2013இல் வாடகைத் தகராறில் மூடும்வரை பத்து ஆண்டு ஓடியது. அவர்களுக்கு யாரும் பயிற்சி நாள் நடத்தியதாக எங்கும் படிக்கவில்லை.

எனக்கு அந்தக் கதை புரிவதற்கு அகராதி தேவைப்படவில்லை. நான் வேலை பார்த்த டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் டூட்டி சார்ட் என்று ஒன்று சுவரில் தொங்கும். மேலதிகாரி யாரிடம் எப்படிப் பேசுகிறார் என்பதைப் பார்க்கவே வேண்டாம். தீபாவளி இரவு யாருக்கு, பகல் டூட்டி யாருக்கு என்று அந்தத் தாளில் ஓராண்டுக்குப் பின்னோக்கிப் பார்த்தால் போதும், யார் எந்தச் சாதி என்று தெரிந்துவிடும். நாங்கள் சங்கத்தில் முதலில் வாங்கிய உரிமை அந்தப் பழைய தாள்களைப் பார்க்கும் உரிமைதான். நீயும் அதைக் கேள். ஓராண்டுக்கு யாரை எந்தப் படத்துக்கு, என்ன தொகைக்கு அழைத்தார்கள் என்ற பதிவேடு. பெயர்களை மறைத்துக் கொடுத்தாலும் சரி.

கேட்டால் என்ன சொல்வார்கள் என்பதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன். “நாங்களா நிறம் பார்க்கிறோம்? வாடிக்கையாளர் கேட்கிறார்” என்பார்கள். நம் பக்கத்து டீக்கடைகளில் இரண்டு வகை கிளாஸ் வைத்திருந்தவர்களும் அதையேதான் சொன்னார்கள். எனக்கொன்றும் இல்லை அக்கா, எல்லோருக்கும் ஒரே கிளாஸில் கொடுத்தால் மற்றவர்கள் வரமாட்டார்கள் என்று. அந்த வாயை அடைக்க உன் ஊர்ச் சட்டத்திலேயே ஆயுதம் இருக்கிறது. பான் அமெரிக்கன் விமான நிறுவனம், பயணிகள் பெண்களைத்தான் விரும்புகிறார்கள் என்று கருத்துக்கணிப்பைக் காட்டி ஆண்களை விமானப் பணிக்கு எடுக்க மறுத்தது. டயஸ் என்பவர் வழக்குப் போட்டார். பயணிகளைப் பத்திரமாகக் கொண்டுபோய்ச் சேர்ப்பதுதான் உங்கள் தொழில், அவர்கள் விருப்பம் ஒரு காரணம் ஆகாது என்று 1971இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொல்லிவிட்டது.

உன் வாடிக்கையாளரின் வக்கீல் சாமர்த்தியசாலியாக இருந்தால், “எங்கள் தொழிலே பார்ப்பவரின் விருப்பம்தானே” என்பார். அதற்கும் பதில் உண்டு. அமெரிக்க வேலைவாய்ப்புச் சட்டம் தொழிலின் அவசியம் என்ற விதிவிலக்கைப் பாலுக்கும் மதத்துக்கும் பிறந்த நாட்டுக்கும்தான் கொடுத்திருக்கிறது, இனத்துக்குக் கொடுக்கவில்லை. யாரை நடிக்க வைப்பது என்பது கருத்துச் சுதந்திரம் என்று அடுத்துச் சொல்வார். அதில் கொஞ்சம் உண்மையும் இருக்கிறது. இருக்கட்டும். தேர்ந்தெடுத்த பிறகு ஒரே நாளின் ஒரே வேலைக்கு இருவருக்கு இரண்டு கூலி கொடுப்பது எந்தக் கருத்தின் சுதந்திரம்? கடைசியாக, “அவர்கள் எங்கள் ஊழியர்களே அல்ல, ஒப்பந்தக்காரர்கள்” என்று கையை விரிப்பார்கள். அங்கே 1866ஆம் ஆண்டுச் சட்டத்தை எடு. அடிமைத்தளை அறுந்த கையோடு வந்த சட்டம். ஒப்பந்தம் போடுவதில் இனம் பார்க்கக் கூடாது என்கிறது அது. ஊழியரா இல்லையா என்ற கேள்வியையே அது கேட்பதில்லை. போனில் இதைப் பாடம்போல எனக்குச் சொன்னவள் நீ. வரைவில் ஏன் காணவில்லை?

வேண்டாம் என்று சொல்லும் உரிமையும் உன் வரைவில் மெலிந்து கிடக்கிறது. மியா கலீஃபா என்ற பெயர் உனக்குத் தெரிந்திருக்கும். இங்கே காலேஜ் பையன்களுக்கும் தெரிகிறது. பெய்ரூட்டில் பிறந்த பெண். 2014 கடைசியில் சில மாதங்கள் மட்டுமே அந்தத் தொழிலில் இருந்தார். முஸ்லிம் பெண்கள் போடும் தலைமுக்காட்டோடு ஒரு காட்சி எடுத்தார்கள். இதனால் என் உயிருக்கே ஆபத்து வரும் என்று சொன்னேன், அவர்கள் சிரித்தார்கள் என்று பின்னாளில் பேட்டியில் சொன்னார். கொலை மிரட்டல்கள் வந்தன. மொத்தமாக அவர் சம்பாதித்தது சுமார் 12,000 டாலர். அந்தப் படங்களை இன்றுவரை கோடிக்கணக்கானோர் பார்க்கிறார்கள். ஒருமுறை கூலியோடு கணக்கு முடிந்துவிட்டதால் அவருக்கு அதில் ஒரு காசும் இல்லை. ஒரு சிறுபான்மைப் பெண்ணை ‘உள்ளே சேர்த்துக்கொண்டதன்’ லட்சணம் இது. அவளுடையதே அல்லாத மதத்தின் துணியை அவள் தலையில் போட்டு விற்றார்கள், அதற்கான அடியை அவள் வாங்கினாள்.

இப்போது எல்லோரும் ஒன்லிஃபேன்ஸ் என்ற சந்தா கட்டிப் பார்க்கும் இணையதளத்தில் சொந்தமாகக் கடை வைத்துவிட்டார்களே, முதலாளி எங்கே என்று நீ கேட்கலாம். நூற்றுக்கு இருபது அந்தத் தளத்துக்கு, எண்பது அவளுக்கு. ஸ்டுடியோக் கணக்கோடு பார்த்தால் மோசமில்லை. ஆனால் 2021 ஆகஸ்டில், வங்கிகள் நெருக்குகின்றன என்று சொல்லி அக்டோபர் முதல் அப்படிப்பட்ட படங்களே கூடாது என்று அறிவித்தது அந்த நிறுவனம்; கூச்சல் எழுந்ததும் ஆறே நாளில் பின்வாங்கியது. முந்தைய டிசம்பரில் கார்டு நிறுவனங்களான விசாவும் மாஸ்டர்கார்டும் போர்ன்ஹப் என்ற ஆபாசப் படத் தளத்தோடு தொடர்பை நிறுத்தியபோதும் இதே நிலை. சிறார் படங்களும் சம்மதமில்லாத படங்களும் அங்கே இருந்ததற்கு அந்தத் தண்டனை வேண்டியதுதான், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் அடையாள அட்டை கொடுத்து, ஒழுங்காகத் தன் படத்தைத் தானே விற்றுக்கொண்டிருந்தவளுக்கும் அதே நாளில் வருமானம் நின்றது. வங்கிக் கணக்கு மூடப்பட்டால் நடிகர்களுக்கு யார் உதவுவார்கள் என்று உன் கொள்கையில் ஒரு வரியாவது சேர். கம்பெனிக்கு வக்கீல் இருக்கிறார், அவர்களுக்கு இல்லை.

கொள்கையை எழுதும்போது அவர்களையும் கூப்பிட்டு உட்காரவைக்க முடியுமா என்று பார். ஆள் கிடைக்காமல் போகாது. 2020 ஜூனில் போர்ட்லாண்டில் ஆடை களைந்து ஆடும் கிளப்புகளின் கறுப்பின நடனக்காரிகள் கேட் ஹோலிஸ் தலைமையில் வேலைநிறுத்தம் செய்து சம ஷிப்ட் கேட்டார்கள். அதே ஆண்டில் சினமன் லவ் என்ற மூத்த நடிகை வெள்ளையரல்லாத கலைஞர்களுக்கென்று ஒரு அமைப்பே தொடங்கினார். நீ இருக்கும் லாஸ் ஏஞ்சலஸிலேயே, நார்த் ஹாலிவுட்டின் ‘ஸ்டார் கார்டன்’ என்ற அப்படிப்பட்ட கிளப்பின் நடனக்காரிகள் பாதுகாப்பு கேட்டதற்காக வெளியே நிறுத்தப்பட்டு, மாதக்கணக்கில் வாசலில் மறியல் செய்து, 2023இல் நாடக நடிகர்களின் சங்கத்தில் சேர்ந்தார்கள். எண்ணிய வாக்குகள் பதினேழும் சங்கத்துக்கே. அந்தச் செய்தியைப் படித்தபோது எனக்கு வந்த சந்தோஷத்தை உன் அப்பாவிடம் விளக்க முடியவில்லை.

உன் பெரியம்மா விஷயத்தை எப்படியோ மோப்பம் பிடித்துவிட்டாள். “பெண் பிள்ளைக்கு வேறு வேலையா கிடைக்கவில்லை?” என்று கேட்டாள். நைட் டூட்டி முடித்து விடியற்காலை பஸ்ஸில் வந்து இறங்கும் எங்களைப் பற்றித் தெருவில் என்ன பேசினார்கள் என்பது நினைவிருக்கிறதா என்று திருப்பிக் கேட்டேன். அவளும் அந்தக் கூட்டத்தில் பேசியவள்தான். பேச்சை மாற்றி மாவடு பக்குவம் கேட்க ஆரம்பித்துவிட்டாள்.

பதிவேட்டைக் காட்ட மாட்டோம் என்று அவர்கள் சொன்னால், முன்பணத்தைத் திருப்பிக் கொடுத்துவிட உன் மேலாளரிடம் சொல்லிப் பார். அவர் சம்மதிக்காவிட்டால், கணக்கு எங்களுக்குக் காட்டப்படவில்லை என்று கொள்கையின் முதல் பக்கத்திலேயே எழுதிவிடு. திருத்திய வரைவை அனுப்பு. இந்த முறை கூலிப் பகுதியை முதலில் எழுது. மாவடு பார்சல் வியாழக்கிழமை கிளம்புகிறது.

அன்புடன்,
அம்மா