மூன்றாவது முடிச்சு

மேற்கு மாம்பலம், சென்னை

அன்புள்ள விஜி,

உன் கடிதம் கிடைத்தது. பையனுக்கு வைகாசியில் முகூர்த்தம் குறித்தாயிற்று, பெண் வீட்டார் சென்னையிலேயே மண்டபம் பார்க்கிறார்கள் என்ற வரிகளை இவரைக் கூப்பிட்டு உரக்க வாசித்துக் காட்டினேன். அடுத்த பக்கம் படித்ததும்தான் மனசு கனத்துப் போச்சு. லண்டனில் இருக்கும் உன் மகளுக்கு அப்போது எட்டு மாதம் முடிந்திருக்கும், கூடப் பிறந்தவள் இல்லாமல் என்னடி கல்யாணம் என்று எழுதியிருக்கிறாய். 28 வாரம் தாண்டினாலே பெரும்பாலான விமானங்களில் டாக்டர் சான்று கேட்பார்கள். 36 வாரத்துக்கு மேல் பெரும்பாலும் ஏற்றிக்கொள்ளவே மாட்டார்கள். அவளை வற்புறுத்தாதே. நீ அழுவதை விட அவள் அங்கே அதிகம் அழுதிருப்பாள்.

தை மாதம் என் மகள் கல்யாணத்திலும் இதே கவலைதான். என் தம்பி நியூஜெர்சியில் இருக்கிறான், தெரியுமே. அவன் பாஸ்போர்ட்டில் இருந்த எச்1பி விசா முத்திரை, அதாவது அமெரிக்காவில் வேலை பார்க்கிறவர்களுக்கான விசா, காலாவதி ஆகிவிட்டது. இங்கே வந்தால் புது முத்திரை வாங்கித்தான் திரும்ப முடியும். அதற்கு நாள் கிடைக்காமல் மாட்டிக்கொண்டால் வேலைக்கே ஆபத்து, பிள்ளைகளின் படிப்பும் அங்கே. "வராதேடா" என்று நான்தான் சொன்னேன். சொல்லிவிட்டேனே தவிர, தாய்மாமன் இல்லாத மணமேடையை நினைத்தால் சாப்பாடு இறங்கவில்லை.

வர முடியாதவர்களுக்கு ஒரு லிங்க் அனுப்பிவிட்டால் போதும் என்று இப்போது எல்லோரும் இருந்துவிடுகிறார்கள். அது போதவே போதாது விஜி. தூரத்தில் இருப்பவர்களுக்கு அவர்கள் செய்ய வேண்டிய முறையைச் செய்ய வழி பண்ணித் தர வேண்டும். வேடிக்கை பார்ப்பதெல்லாம் அப்புறம்தான்.

தம்பி முதலில் "பணம் அனுப்பிடறேன்க்கா, சீரை நீயே வாங்கி வெச்சிடு" என்றான். நான் ஒத்துக்கொள்ளவில்லை. தி.நகரில் கடை திறந்ததும் போய் உட்கார்ந்து அவனை வீடியோவில் கூப்பிட்டேன். இங்கே காலை பத்து, அவனுக்கு இரவு பதினொன்றரை. கடை விளக்கில் அரக்கு நிறமெல்லாம் போனில் வெறும் சிவப்பாகத் தெரிந்தது. அந்தக் கடைப் பெண் நல்லா இருக்கணும், கொஞ்சமும் சலித்துக்கொள்ளாமல் புடவையைத் தோளில் போட்டுக்கொண்டு வாசல்படிக்கே வந்துவிட்டாள். வெயிலில் முந்தியை விரித்து, ஜரிகையின் அடிப்பக்கத்தையும் திருப்பிக் காட்டினாள். தம்பி பெண்டாட்டியும் தூக்கக் கலக்கத்தோடு வந்து எட்டிப் பார்த்தாள். "இதுதான்க்கா, இதையே எடு" என்றான். முகூர்த்தத்தன்று என் பெண் கட்டியிருந்தது அவன் எடுத்த புடவை.

மாலை போட்டது என் பெரியப்பா மகன். நம் உறவுமுறையில் இது எவ்வளவு பெரிய பலம் பார். பெரியப்பா பிள்ளையும் எனக்கு அண்ணன்தான், என் மகளுக்கு அவரும் தாய்மாமன்தான். யாரோ ஒருவரைக் கொண்டுவந்து நிறுத்திய மாதிரி ஆகவில்லை. ஆனால் நாங்களாக அவரிடம் சொல்லவில்லை. தம்பியே போன் செய்து, "அண்ணே, என் இடத்துல நின்னு நீங்கதான் மாலை போடணும்" என்று கேட்டான். அண்ணன் சீர்த்தட்டோடு மண்டபத்துக்குள் நுழையும்போது, "தம்பி கொடுத்தனுப்பிய சீர்" என்று சபை கேட்கச் சொல்லித்தான் இறக்கி வைத்தார். போனில் அதைக் கேட்டுக்கொண்டிருந்தவன் எழுந்து நின்றுவிட்டான்.

உன் மகளுக்கும் இதைத்தான் செய்யச் சொல்வேன். நாத்தனார் முடிச்சு அவளுடைய உரிமை. உன் கொழுந்தனார் மகள் இருக்கிறாளே, அவளும் முறைக்கு நாத்தனார்தான். உன் மகளே அவளைக் கூப்பிட்டு, "எனக்காக மூணாவது முடிச்சை நீ போடு" என்று கேட்கட்டும். அவளுக்கு ஒரு புடவையும் உன் மகள் கையால் எடுத்ததாக இருக்கட்டும். நீ நடுவில் புகுந்து ஏற்பாடு செய்யாதே. சம்பந்தி வீட்டிலும் ஐயரிடமும் முன்கூட்டியே ஒரு வார்த்தை சொல்லிவிடு. சொன்னால் யாரும் மாட்டேன் என்று சொல்ல மாட்டார்கள்.

நேரத்தையும் பார். எங்கள் முகூர்த்தம் வெள்ளிக்கிழமை காலை 6 முதல் 7.30. நியூஜெர்சியில் அது வியாழக்கிழமை இரவு 7.30 முதல் 9. பிள்ளைகளுக்குப் பட்டுப்பாவாடை கட்டிவிட்டு, குத்துவிளக்கு ஏற்றி, வீட்டோடு உட்கார்ந்து பார்த்தார்கள். ஆனால் லண்டனுக்கு அந்த நேரம் ஒத்துவராது. வைகாசியில் அங்கே கோடை நேரம், நமக்கு நாலரை மணி நேரம் பின்னால். நம் காலை 6 மணி அவளுக்கு நள்ளிரவு 1.30. வயிற்றுப் பிள்ளைக்காரி விழித்திருக்க வேண்டாம். அன்றைக்கே 9 முதல் 10.30க்கு நல்ல நேரம் இருக்கிறதா என்று ஜோசியரைக் கேள். இருந்தால் அவளுக்கு விடிகாலை 4.30, எழுந்து குளித்துத் தயாராகிவிடுவாள். தூரத்து உறவுகளுக்குப் பத்திரிகை அனுப்பும்போது அவர்கள் ஊர்த் தேதியையும் நேரத்தையும் ஒரு துண்டுச் சீட்டில் எழுதி உள்ளே வை. தேதி மாறிப்போவதால் பாதிப் பேர் குழம்புகிறார்கள்.

போன் விஷயத்தில் சிலதைச் சொல்லிவிடுகிறேன். ஊருக்கெல்லாம் காட்ட யூடியூப் நேரலை போதும். புதுக் கணக்கில் நேரலை வசதி திறக்க 24 மணி நேரம் வரை ஆகும் என்பதால் முன்னாடியே செய்து வைக்க வேண்டும். ஆனால் நேரலை சில நொடிகள் பிந்தித்தான் போகும். கெட்டிமேளம் கொட்டும் அதே நொடியில் உன் மகளும் அங்கே அட்சதை தூவ வேண்டுமானால் அவளுக்குத் தனியாக வாட்ஸ்அப் வீடியோதான் சரி. இலவச ஜூம் 40 நிமிடத்தில் நின்றுவிடும், தாலி கட்டும் நேரத்தில் அந்தப் பதற்றம் வேண்டாம். தாலி கட்டும்போது போட்டோக்காரர்கள் மேடையைச் சுற்றி வளைத்துக்கொள்வார்கள், போனில் அவர்கள் முதுகுதான் தெரியும். அதனால் என் ஓரகத்தி மகனிடம் வேறு எந்த வேலையும் கொடுக்கவில்லை. ஐயர் பக்கத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, தம்பியைக் கையில் பிடித்திருப்பதுதான் அவன் வேலை. நாதஸ்வர சத்தத்தில் எதுவும் கேட்காது என்பதால் தம்பி காதில் இயர்போன் போட்டிருந்தான், பையன் நடப்பதையெல்லாம் அவனுக்குச் சொல்லிக்கொண்டே இருந்தான். அம்மி மிதிக்கும்போது மெட்டியையும் கிட்டப் போய்க் காட்டினான்.

தூரம் என்றால் அமெரிக்காவும் லண்டனும் மட்டுமில்லை. காரைக்குடியில் எங்கள் அத்தை இரண்டு வருஷமாகப் படுக்கையில் இருக்கிறார். போனைக் காட்டினால் முகத்தைத் திருப்பிக்கொள்வார். குடும்பத்தில் எல்லாப் பெண்களுக்கும் நலங்குப் பாட்டுப் பாடியவர் அவர்தான். முதல் பத்திரிகையை எடுத்துக்கொண்டு நேரில் போனோம். என் பெண் கட்டிலருகே உட்கார்ந்து, "பாடுங்க பாட்டி" என்று கையைப் பிடித்துக்கொண்டாள். குரல் நடுங்கியது, நடுவில் இரண்டு அடி மறந்துபோய், பின்னால் தானே ஞாபகம் வந்து பாடினார். அதைப் பதிவு செய்து நலங்கு வைக்கும்போது ஒலிபெருக்கியில் போட்டோம். பந்தியில் பரிமாறிக்கொண்டிருந்தவர்கள்கூட "அத்தை வந்துட்டாங்களா?" என்று ஓடி வந்தார்கள். என் பெண் நலங்கு மஞ்சளோடு அழுத அழுகை இருக்கே, விஜி, எழுத வரவில்லை. மறுவீடு முடிந்ததும் பிள்ளைகள் இரண்டு பேரும் காரைக்குடிக்குப் போய்த்தான் விழுந்து கும்பிட்டார்கள்.

மொய் நோட்டில் வராதவர்கள் பெயரையும் ஊரையும் சேர்த்து எழுதச் சொல். நாளைக்கு அவர்கள் வீட்டு விசேஷத்துக்கு நீ திருப்பிச் செய்ய வேண்டியது அதில்தான் இருக்கும்.

பத்திரிகைக்கு ஆண்டர்சன் தெருவுக்குத்தானே வருவாய்? எங்கள் வீட்டில் தங்கு, சேர்ந்து போகலாம். வருவதற்கு முன் உன் மகளிடம் பேசிவிடு. பெண்ணுக்குக் கூறைப்புடவை எடுக்கும் நாளை அவளையே சொல்லச் சொல், அன்றைக்குக் கடையில் போனைப் பிடித்துக்கொள்ள நான் வருகிறேன். முழங்கால் வலிக்கு டாக்டர் என்ன சொன்னார் என்று நீ எழுதவே இல்லை, அதையும் எழுது.

அன்புடன்,
சாந்தி